பூமயில் பெயரில் ஒரு டிராக்டர்

மெதுவாக வாசியுங்கள் அண்ணே. அந்தப் பெயருக்கு உரியவள் இதே பஸ்ஸில்தான் வருகிறாள். டிரைவருக்குப் பின்னால் மூன்றாவது சீட்டு, ஜன்னல் ஓரம், பச்சைச் சேலை. உங்கள் குரல் அவள் காதில் விழுந்திருக்காது என்றுதான் நினைக்கிறேன். இன்ஜின் சத்தம் இருக்கிறது. இருந்தாலும்.

உங்களைக் குறை சொல்லவில்லை. ரயில்வே கேட்டைப் போட்டுவிட்டான். பஸ் போலீஸ் ஸ்டேஷனுக்கு நேர் எதிரில் வந்து நிற்கிறது. கண் வேறு எங்கே போகும்? லாரி, மாட்டு வண்டி, டிராக்டர் என்று வேலி ஓரமாக வரிசையாக நிறுத்தி வைத்திருக்கிறார்கள். எல்லாம் ஆற்று மணல் கேஸ். எல்லாவற்றின் மேலும் புழுதி. அந்தச் சிவப்பு டிராக்டரில் மட்டும் பெயர் பளிச்சென்று தெரிகிறது, யாராக இருந்தாலும் வாசிக்கத்தான் செய்வார்கள். போன மாதம் ஒருவன், ‘யாருய்யா அது, மணல் அள்ளுற மயிலு’ என்று சொல்லிச் சிரித்தான். நான் அவனுக்குப் பின் சீட்டில் இருந்தேன். குனிந்து செருப்பு வாரைச் சரி செய்துகொண்டிருந்தேன். அவன் இறங்குகிற வரைக்கும் சரி செய்துகொண்டிருந்தேன்.

பூமயில் என் அக்கா. வண்டி என்னுடையது. ஓட்டியது நான், டீசல் போட்டது நான், அதில் பிழைத்தது நான். பெயர் மட்டும் அவளுடையது. இன்றைக்குக் கோர்ட்டில் வாய்தா. அதற்குத்தான் போகிறோம். ஏன் தனித்தனியாக உட்கார்ந்திருக்கிறோம் என்றுதானே பார்க்கிறீர்கள். சொல்கிறேன். நீங்கள் எந்த ஊரோ என்னவோ, இனிமேல் நாம் பார்த்துக்கொள்ளவா போகிறோம்.

எனக்கு வண்டி ராசி கிடையாது அண்ணே. முதலில் ஒரு மொபெட் வாங்கினேன், சந்தையில் நிறுத்தியது நிறுத்தியபடி காணாமல் போனது. பிறகு லோடு ஆட்டோ. அதை வாய்க்காலில் கவிழ்த்தேன், தோள்பட்டை இறங்கி மூன்று மாதம் படுத்துக் கிடந்தேன். அதற்குப் பிறகு டிராக்டர் வாங்கப் போகிறேன் என்றதும் என் வீட்டுக்காரி மேகலா, முதலில் ஜாதகத்தைப் பாருங்கள் என்றாள். ஜோசியர் என் கட்டத்தைப் பார்த்தார். பார்த்துவிட்டு வெற்றிலையை வாயில் ஓரமாக ஒதுக்கிக்கொண்டார். நாலாம் இடம் சரியில்லை, உங்கள் பேரில் சக்கரம் வைத்த எதுவும் நிற்காது, வீட்டில் வேறு யாருக்காவது வாகன யோகம் இருக்கிறதா பாருங்கள் என்றார். மேகலாவுக்கும் இல்லை. பிள்ளைகளுக்கு வயது இல்லை.

அப்போதுதான் அக்கா ஜாதகம் ஞாபகம் வந்தது. அது அப்பாவின் டிரங்குப் பெட்டியில் அடியில் கிடந்தது. அதை எடுத்துப் பல வருடம் ஆகிவிட்டது. செவ்வாய் தோஷம், அதோடு இன்னொன்று என்னவோ சொல்வார்கள். பெண் பார்க்க வந்தவர்கள் எல்லாம் டீ குடிப்பார்கள், ஜாதகத்தை வாங்கிக்கொண்டு போவார்கள், யார் மூலமாவது திருப்பி அனுப்புவார்கள். கடைசியில் அப்பாவே அதை மடித்து உள்ளே வைத்துவிட்டார். எனக்கு நினைவு தெரிந்த நாளிலிருந்து அந்தக் கட்டத்தைப் பற்றி ஒருத்தர் வாயிலிருந்தும் நல்ல சொல் வந்ததில்லை.

ஜோசியர் அதை விரித்து வைத்துக்கொண்டு கட்டம் கட்டமாக விரலை ஓட்டினார். அப்புறம், “இந்த ஜாதகத்தையா குறை சொல்லி மூட்டை கட்டி வச்சீங்க? வாகனம் இது வாசலைத் தேடி வரும்யா” என்றார்.

வீட்டுக்கு வந்து சொன்னேன். அக்கா அப்போதுதான் பள்ளிக்கூடத்திலிருந்து வந்திருந்தாள். சத்துணவு அமைப்பாளர் அவள். எங்கள் வேலங்குறிச்சி தொடக்கப் பள்ளியில் அவள்தான் எல்லாம். சமையல்காரம்மா வராத நாளில் உலை வைப்பதும் அவள்தான். கையில் மஞ்சள் கறை அப்படியே இருந்தது. “என் ஜாதகமா? நல்லாப் பாத்தாராமா தம்பி? வேற யாரோடதையும் மாத்திப் பாத்துறலையே?” என்று கேட்டாள். இல்லை என்றேன். உள்ளே போனாள். மறுபடி வெளியே வந்து, “என்ன சொன்னாருன்னு இன்னொரு தடவை சொல்லு” என்றாள். அன்றைக்கு எங்கள் வீட்டில் பாயசம் வைத்தாள். என்ன விசேஷம் என்று கேட்டவர்களிடம் ஒன்றுமில்லை ஒன்றுமில்லை என்று சொல்லிக்கொண்டே ஊற்றினாள்.

ஷோரூமில் அவளை ஏற்றி உட்கார வைத்தோம். அட்டையில் செய்த பெரிய சாவி ஒன்று கொடுப்பார்கள் தெரியுமா, அதை அவள் கையில் கொடுத்துப் படம் எடுத்தார்கள். வெட்கத்தில் சாவியை வைத்தே முகத்தை மறைத்துக்கொண்டாள். காட்டிய இடத்தில் எல்லாம் கையெழுத்துப் போட்டாள். வண்டியின் முன்னால் அவள் பெயரை எழுத வைத்தது நான்தான் அண்ணே. நல்ல பெயிண்டரைக் கூப்பிட்டு, மஞ்சள் எழுத்தில், சுற்றி நிழல் கொடுத்து. எனக்கு அவள் மேல் பாசம் இல்லை என்று யாரும் சொல்ல முடியாது. அம்மா போன பிறகு என்னை வளர்த்தவளே அவள்தான்.

வெள்ளிக்கிழமை தவறாமல் வண்டிக்குச் சந்தனப் பொட்டு வைப்பாள். அந்தப் பெயருக்கு நேர் மேலே. ஆனால் அன்றைக்கு ஷோரூமில் உட்கார்ந்ததோடு சரி, அதற்கப்புறம் அதில் ஏறினதில்லை. நானும் கூப்பிட்டதில்லை. டிராக்டரில் போய் எங்கே உட்காருவாள்?

மழை ஏமாற்றிய வருடம் அது. உழவே இல்லை. எரு அடிக்க, செங்கல் ஏற்ற என்று அங்கொன்றும் இங்கொன்றுமாக வேலை வந்தது. ஆற்றிலே மணல் கிடந்தது. வைகையில் தண்ணீரைத்தான் தேட வேண்டும், மணலைத் தேட வேண்டாம். ஊரில் வண்டி வைத்திருந்த எல்லாரும் அள்ளினார்கள். நானும், என் தோள் வலிக்கிற நாளில் ஓட்டுவதற்கு வைத்திருந்த டிரைவர் பாண்டித்துரையும் போனோம். பெரிதாக ஒன்றும் இல்லை. வீடு கட்டுகிறவர்கள் கேட்பார்கள், கொண்டுபோய்க் கொட்டுவோம்.

அக்காவுக்குத் தெரியுமா என்று வக்கீல் கேட்டார். தெரியும் என்றுதான் நான் சொன்னேன். அது பொய் இல்லை. ஒரு நாள் டிரெய்லரைக் கூட்டும்போது மூலையில் ஒட்டியிருந்ததைக் கையில் எடுத்துப் பார்த்துவிட்டு, இது ஆற்று மணலா தம்பி என்று கேட்டாள். பழைய வீடு இடித்த மண், அதிலிருந்து வந்திருக்கும் என்றேன். கையைத் தட்டிவிட்டுப் போய்விட்டாள். ஒரு தடவைதான் கேட்டாள் அண்ணே. உண்மையிலேயே வேண்டாம் என்று நினைக்கிறவள் இன்னொரு தடவை கேட்டிருக்க மாட்டாளா? அவளைக் குறை சொல்லவில்லை. நடந்ததைச் சொல்கிறேன்.

பிடிபட்டது பட்டப்பகலில். ராத்திரியில்தான் பிடிக்கிறார்கள் என்று நான்தான் ஒரு யோசனை செய்தேன். மணலை அள்ளிவிட்டு அதன் மேல் மாட்டு எருவைக் கொட்டி மூடிவிடுவது. பார்க்கிறவனுக்கு எரு வண்டி. வாடைக்கு எவனும் கிட்டே வர மாட்டான். கொஞ்ச நாள் அப்படித்தான் ஓடியது. அன்றைக்குப் பள்ளத்தில் தோண்டி அள்ளிவிட்டோம். அடி மணல், ஈரம். ஏற்றும்போது எனக்குத் தெரியவில்லை. மெயின் ரோட்டில் ஏறியதும் டிரெய்லரின் அடியில் சொட்டுச் சொட்டாக ஒழுக ஆரம்பித்திருக்கிறது. ஆற்றிலிருந்து நாங்கள் வந்த தடம் முழுவதும் தார் ரோட்டில் கறுப்பாக ஒரு கோடு. அந்தக் கோட்டைப் பிடித்துக்கொண்டே ஜீப் வந்துவிட்டது.

ஜீப் குறுக்கே வந்ததும் பாண்டித்துரை குதித்து ஓடினான். நான் மட்கார்டில் உட்கார்ந்திருந்தேன். நானும் குதித்தேன். அவனுக்கு நல்ல ஓட்டம், வரப்பைத் தாண்டிப் போய்விட்டான். அடுத்த வாரமே திருப்பூரில் பனியன் கம்பெனி வேலைக்குப் போய்விட்டான். எனக்குத் தோள்பட்டை சரியில்லை. ரோட்டோரத்துச் சீமைக்கருவேலப் புதருக்குள் போய்ப் படுத்துக்கொண்டேன். முள் என்றால் உங்கள் வீட்டு எங்கள் வீட்டு முள் இல்லை. முதுகு, தொடை, காது மடல் எல்லாம். மூச்சு விட்டால் குத்தும்.

அங்கே படுத்துக்கொண்டு எல்லாவற்றையும் கேட்டேன். ஜீப்பில் வந்த அதிகாரி டிரெய்லருக்கு அடியில் கையை நீட்டி அந்தச் சொட்டைப் பிடித்துப் பார்த்திருப்பார் போல. “எருவுக்குள்ள ஊத்து எதுவும் ஓடுதாய்யா?” என்றார். கூட வந்த போலீஸ்காரர்கள் சிரித்தார்கள். பிறகு எருவைக் கம்பால் கிளறுகிற சத்தம். வண்டி யாருடையது என்று கேட்டார். எங்கள் ஊர்த் தலையாரி கூட இருந்தார். அவர் பெயரைப் பார்த்துவிட்டு, “இது நம்ம சத்துணவு அம்மா வண்டி சார். இந்நேரம் பள்ளிக்கூடத்துலதான் இருக்கும்” என்றார்.

அந்தப் பெயரை எழுதாமல் இருந்திருக்கலாம். அங்கே படுத்திருந்தபோது அதைத்தான் நினைத்தேன்.

ஜீப் திரும்பிப் பள்ளிக்கூடம் பக்கம் போனது. எழுந்து போயிருக்கலாமே என்று உங்களுக்குத் தோன்றும். முள் அண்ணே. அப்புறம், ஒரு போலீஸ்காரரை வண்டிக்குக் காவலாக நிறுத்திவிட்டுத்தான் போனார்கள். அவர் சாயந்தரம் வரைக்கும் அங்கேயே பீடி குடித்துக்கொண்டு இருந்தார். நானும் இருந்தேன்.

பள்ளிக்கூடத்தில் நடந்ததைப் பிறகு எல்லாரும் சொன்னார்கள். ஒவ்வொருத்தரும் தனித்தனியாக வந்து சொன்னார்கள். முட்டை நாள் அது. பிள்ளைகள் தட்டோடு வரிசையில் நின்றிருக்கிறார்கள். ஜீப் மைதானத்துக்குள் வந்து நின்றதும் சின்னப் பிள்ளைகள் சில அழுதிருக்கின்றன. அதிகாரி நேராக சமையலறை வாசலுக்குப் போய், டிராக்டர் உங்களுடையதா என்று கேட்டிருக்கிறார். இவள் கரண்டியை வைக்கவில்லை. “முட்டை வச்சு முடிச்சுட்டு வந்துர்றேன் சார்” என்றாளாம். அவரும் நின்றிருக்கிறார். கடைசிப் பிள்ளைக்கு வைத்துவிட்டு, கையைக் கழுவிவிட்டு, ஹெட்மாஸ்டர், டீச்சர்கள் எல்லாரும் பார்க்க வெளியே வந்து, “ஆமா சார், என்னோடதுதான்” என்றிருக்கிறாள். யார் ஓட்டியது என்று கேட்டதற்குப் பதிலே சொல்லவில்லையாம். எத்தனை முறை கேட்டும்.

அங்கேதான் அண்ணே கேஸ் கெட்டுப்போனது. எனக்குத் தெரியாது சார் என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். வண்டி காலையில் வாடகைக்குப் போனது, யார் கொண்டுபோனார்கள் என்று தெரியாது என்று சொல்லியிருக்கலாம். சுற்றிலும் ஆள் நிற்கும்போது என்னுடையதுதான் என்று சொல்லிவிட்டாள். படித்தவள், அரசாங்க வேலையில் இருக்கிறவள். அந்தச் சமயத்தில் வாய் வர வேண்டாமா?

எஃப்.ஐ.ஆரில் முதல் ஆள் பூமயில், உரிமையாளர். அப்புறம் ‘அடையாளம் தெரியாத இரண்டு பேர்’. அந்த இரண்டு பேரில் ஒரு ஆள்தான் இவ்வளவு நேரம் உங்கள் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறான்.

வக்கீல் நாகூர்கனி நல்ல மனிதர். அவர்தான் விளக்கமாகச் சொன்னார். முன்பெல்லாம் மணல் வண்டியைப் பிடித்தால் அந்த வாரமே அபராதத்தைக் கட்டி ஓட்டிக்கொண்டு வந்துவிடுவார்கள், மறுநாளே ஆற்றில் இறங்குவார்கள். அதனால் இப்போது கெடுபிடி. வண்டியையே அரசாங்கம் எடுத்துக்கொள்ளலாம், ஏலம் விடலாம். அது நடக்கக் கூடாது என்றால் உரிமையாளர் வந்து, குற்றத்தை ஒத்துக்கொண்டு, அபராதம் கட்டி, இனிமேல் செய்ய மாட்டேன் என்று எழுதிக் கொடுக்க வேண்டும். வண்டி வந்துவிடும். இல்லை என்றால் எனக்குத் தெரியாமல் நடந்தது என்று உரிமையாளர் வழக்காட வேண்டும்.

“அப்படியே வழக்காடிருவமே சார்” என்றேன்.

அவர் கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். “ஆடலாம்ப்பா. எனக்குத் தெரியாம எடுத்துட்டுப் போனாங்கன்னு அந்தம்மா சொன்னா, எடுத்துட்டுப் போனது யாருன்னு அடுத்த கேள்வி வரும். யாரைச் சொல்லச் சொல்றே?”

நான் மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அவர் இன்னொன்றும் சொன்னார். ஒத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டால் அந்தம்மாவின் வேலை நிலைக்காது என்றார். ஏற்கனவே விசாரணை முடிகிற வரை வர வேண்டாம் என்று நிறுத்தி வைத்திருக்கிறார்கள். அவளே குற்றத்தை ஒத்துக்கொண்டுவிட்டால் அதற்கு மேல் விசாரிக்க என்ன இருக்கிறது? அதை அவர் சொன்னார். நான் கேட்டுக்கொண்டேன். எங்கள் எல்லாருக்கும் அந்த டிராக்டர்தானே அண்ணே சோறு. அவள் வேலை போனால் நான் பார்த்துக்கொள்ள மாட்டேனா? வண்டி இருந்தால்தானே பார்த்துக்கொள்ள முடியும்? கணக்காக யோசித்தால் யாருக்கும் புரியும். மேகலாவுக்கு மட்டும் புரியவில்லை. “ஓட்டுறதுக்கு நீங்க, கூண்டுல நிக்க அக்காவா? நல்ல யோகம்தான்” என்றாள். அன்றிலிருந்து எனக்குச் சோறு போடும்போது தட்டை நகர்த்திவிடுகிறாள். கையில் கொடுப்பதில்லை.

கேட் இன்னும் திறக்கவில்லை. கூட்ஸ் வண்டி போல, நீளமாகப் போகிறது.

பெயர் ஏன் இத்தனை பளிச்சென்று தெரிகிறது என்று சொல்லவில்லையே. அதுதான் எனக்குப் பெரிய தலைகுனிவு. ஆடி முழுவதும் அடித்த காற்றில் வண்டி மண்ணாகப் போயிருந்தது. எழுத்தே தெரியவில்லை. பஸ்ஸில் போகும்போது எட்டிப் பார்ப்பேன், மூடியிருக்கும், மனசுக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருக்கும். பாவி, ஆயுதபூஜை வந்தது. போலீஸ் ஸ்டேஷனில் அவர்கள் ஜீப்பைக் கழுவி, வாழைக்கன்று கட்டி, பூசணிக்காய் உடைத்துக்கொண்டிருந்திருக்கிறார்கள். இவள் கையில் ஒரு வாளியும் சந்தனக் கிண்ணமுமாகப் போய் நிற்கிறாள். என் வண்டிக்குப் பொட்டு மட்டும் வைத்துவிட்டுப் போய்விடுகிறேன் என்று கேட்டிருக்கிறாள். நல்ல நாள், பொம்பளை ஆள், சரி வைத்துக்கொள்ளம்மா, வேறு எதையும் தொடாதே என்றிருக்கிறார்கள்.

அவள் பெயரைக் கழுவியிருக்கிறாள். முன்பக்கம் முழுவதையும் இல்லை, அந்தப் பெயர் இருக்கிற இடத்தை மட்டும், ஈரத்துணி வைத்து ஒவ்வொரு எழுத்தாக. கழுவிப் பொட்டு வைத்துவிட்டு வந்தாள். ரோட்டில் போனவன் வந்தவன் எல்லாம் பார்த்திருக்கிறான். டீக்கடையில் என்னைக் கேட்டார்கள், என்னப்பா உங்க அக்கா கேஸ் வண்டிக்குப் படையல் போட்டுச்சாமே என்று. எனக்கு எப்படி இருக்கும்?

வீட்டுக்குப் போய்ச் சத்தம் போட்டேன். நம் மானத்தைச் சந்தியில் துடைத்து வைத்துவிட்டு வந்திருக்கிறாயே, மூடிக் கிடந்ததை ஏன் கழுவினாய் என்று கேட்டேன். அவள் வாளியைக் கவிழ்த்து வைத்துக்கொண்டிருந்தாள். நிமிர்ந்து, “அது என் பேரு தம்பி” என்றாள். அவ்வளவுதான். அதற்கப்புறம் என்னோடு பேச்சை நிறுத்திவிட்டாள். பேசினால் மேகலாவிடம்தான். பள்ளிக்கூடத்து மணி அடிக்கிற நேரத்துக்கு மட்டும் வாசலில் வந்து நிற்பாள். வேலைக்குத்தான் வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார்களே. தட்டைத் தூக்கிக்கொண்டு போகிற பிள்ளைகள் இவளைப் பார்த்தால் வணக்கம் வைக்கும். சில பிள்ளைகளின் அம்மாக்கள் தலையைப் பிடித்துத் திருப்பிவிடுவார்கள்.

நேற்றுச் சாயந்தரம் போய் அவள் கதவுக்கு வெளியே நின்றேன். நாளைக்கு வாய்தா, கையெழுத்துப் போட வேண்டும், வக்கீல் சொல்லியிருப்பார் என்றேன். ஐப்பசி மழை பிடித்துவிட்டது, ஊரெல்லாம் உழுகிறான், வாடகை வண்டி கிடைக்கவில்லை, நம் வண்டி அங்கே நின்று துருப்பிடிக்கிறது என்றேன். உள்ளே கொடியில் சேலையை மடித்துப் போட்டுக்கொண்டிருந்தாள்.

“என் வேலை?” என்று கேட்டாள்.

“வக்கீல் பாத்துக்குவாருக்கா” என்றேன்.

விளக்கை அணைத்துவிட்டாள். தூங்கப் போகிற நேரம்கூட இல்லை அது.

காலையில் பஸ் ஸ்டாப்பில் எனக்கு முன்னாலேயே வந்து நின்றுகொண்டிருந்தாள். ராத்திரி பூராவும் நான் என்ன நினைத்துக்கொண்டிருந்தேன் தெரியுமா? கோர்ட்டில் போய், என் தம்பிதான் சார் எடுத்துட்டுப் போனான் என்று சொல்லிவிடுவாளோ என்று. அப்படி அவள் சொன்னால் வேலை தப்பிக்கும். அவளுக்கு அதில் ஒரு கஷ்டமும் இல்லை. எனக்கு இரண்டு பிள்ளைகள் இருக்கிறார்கள். பஸ் வளைவில் திரும்புகிறபோது, என் முகத்தைப் பார்க்காமல், ரோட்டைப் பார்த்தபடி சொன்னாள்.

“போட்டுர்றேன் தம்பி. நான்தான் செஞ்சேனான்னு கேட்டாலும் ஆமான்னுர்றேன். ஆனா அத்தனை பேருக்கு முன்னாடி நான் தனியா நிக்க மாட்டேன். பள்ளிக்கூடத்துல நின்னது போதும். நீ ஒண்ணும் பேச வேணாம். என் பக்கத்துல வந்து நில்லு. அது போதும்.”

நான் சரி என்றேன். எனக்கு எவ்வளவு பாரம் இறங்கியது தெரியுமா? சரிக்கா, சரிக்கா என்று இரண்டு தடவை சொன்னேன். அவள் முன் படியில் ஏறினாள். நான் பின் படியில் ஏறினேன்.

கேட்டைத் தூக்கிவிட்டான். இனிமேல் பத்து நிமிஷத்தில் கோர்ட்டு வந்துவிடும்.

என்னவென்றால் அண்ணே, வக்கீல் என்னிடம் தனியாகச் சொல்லியிருந்தார். அன்றைக்கு ஜீப்பில் வந்த அதிகாரி இன்றைக்கு வருகிறாராம். மட்கார்டிலிருந்து குதித்தவனை அவர் பார்த்திருக்கிறார். உயரம், உடம்பு, கட்டம் போட்ட சட்டை, தோளைச் சாய்த்துக்கொண்டு ஓடினான் என்றெல்லாம் எழுதியிருக்கிறார். கோர்ட்டு வாசல் பக்கமே வந்துவிடாதே, வந்தால் உன் பாடு என்றார். அவர் சொல்லி நான்கு நாள் ஆகிறது. அக்காவிடம் அதை எப்படிச் சொல்வது? சொன்னால், சரி, அப்படியானால் கையெழுத்து இல்லை என்று திரும்பி நடந்துவிட்டால்? அதனால்தான் சரி என்றேன். பொய் சொல்ல வேண்டும் என்று சொல்லவில்லை. அந்த நேரத்தில் வாயில் அதுதான் வந்தது.

தோளைப் பார்க்கிறீர்கள். ஆமாம், கொஞ்சம் சாய்ந்துதான் இருக்கும். லோடு ஆட்டோவில் விழுந்தது.

அவள் எனக்காகச் செய்யாதது ஒன்றும் இல்லை. எனக்குக் காய்ச்சல் வந்தபோது மனுப் போட்ட வேலைக்கான நேர்முகத் தேர்வை விட்டுவிட்டு வந்து உட்கார்ந்திருந்தவள். அப்புறம் அடுத்த தடவை கிடைத்த வேலைதான் இது. எனக்குத் தெரியாதா? எல்லாம் தெரியும். பக்கத்தில் போய் நிற்பது ஒரு பெரிய விஷயமா? இல்லை. கால் மணி நேரம் நிற்க வேண்டும், அவ்வளவுதான். அந்த அதிகாரி என்னைப் பார்க்காமலேகூட இருக்கலாம். சட்டையைக்கூட மாற்றிக்கொண்டுதான் வந்திருக்கிறேன், பாருங்கள், வெள்ளைச் சட்டை. நிற்கலாம். நிற்கத்தான் வேண்டும்.

இதோ, ஜெராக்ஸ் கடைகள் வந்துவிட்டன. அந்த வாகை மரம்தான் கோர்ட்டு ஸ்டாப்.

எழுந்துவிட்டாள். பாருங்கள், முந்தானையை இழுத்துச் சொருகிக்கொள்கிறாள். இறங்குகிறாள். வக்கீல் குமாஸ்தா அங்கே காத்துக்கொண்டு நிற்கிறார், நல்லது. தனியாக இல்லை.

நீங்கள் கொஞ்சம் முன்னால் சாய்ந்து உட்காருங்கள் அண்ணே. இன்னும் கொஞ்சம். இப்படியே இருங்கள்.

பின் படியைப் பார்க்கிறாளா? அவளைப் பார்க்காதீர்கள், நீங்கள் பார்த்தால் அவளும் இங்கே பார்ப்பாள். விசில் கொடுத்துவிட்டார். பஸ் நகர்கிறது. நகர்கிறதுதானே?

என்ன சத்தம் அது? பஸ்ஸைத் தட்டுகிறாளா? ஓடி வருகிறாளா?

ஐயோ, கண்டக்டரிடம் சொல்கிறாள். ‘என் தம்பி இறங்கல, தம்பி உள்ள தூங்கிட்டான் போல, நிறுத்துங்க.’ கேட்டீர்களா? தூங்கிவிட்டேன் என்று நினைத்துக்கொண்டாள்.

கண்டக்டர் கேட்கிறார். கோர்ட்டு ஸ்டாப்பில் இறங்க வேண்டியவர்கள் யார் என்று கேட்கிறார். என்னைப் பார்க்காதீர்கள் அண்ணே. உங்களைக் கும்பிட்டுக் கேட்கிறேன். நீங்களும் ஒன்றும் சொல்லாதீர்கள். யாரும் இல்லை என்றால் அவரே போகச் சொல்லிவிடுவார்.

சொல்லிவிட்டார். போகிறது.

இன்னும் நிற்கிறாளா? வேண்டாம், பார்க்க வேண்டாம். எனக்குச் சொல்லவும் வேண்டாம்.

கண்டக்டர் இங்கேதான் வருகிறார். நகர்ந்துகொள்ளுங்கள், கையை நீட்ட வேண்டும்.

“பஸ் ஸ்டாண்டுக்குக் குடுங்கண்ணே. இல்ல, கோர்ட்டு வரைக்கும்தான் எடுத்திருந்தேன். இங்கிருந்து ஸ்டாண்டுக்கு. ஒரு ஆளுதான்.”